பாரிமுனை முதல் தங்கசாலை வரை: எங்களோடு நடக்க வருகிறவர்கள் கேட்கும் கேள்விகள்

சென்னை ஜார்ஜ் டவுன் தெருக்களில் ஞாயிறு காலைகளில் ஒரு சிறு குழுவைக் கூட்டிக்கொண்டு நடக்கிறேன். பெயர் கொடுக்க போன் செய்கிறவர்கள் கேட்பதும், நடந்துகொண்டிருக்கும்போது பாதி வழியில் கேட்பதும் பெரும்பாலும் ஒரே கேள்விகள்தான். அவற்றுக்கான பதில்களை இங்கே எழுதியிருக்கிறேன். வருவதற்கு முன் ஒரு தடவை படித்துவிடுங்கள்.

எங்கே கூட வேண்டும்? எவ்வளவு தூரம் நடக்க வேண்டும்?

காலை 6:30 மணிக்கு, பாரிமுனை டேர் ஹவுஸ் ஓரத்தில். அங்கிருந்து என்.எஸ்.சி. போஸ் சாலை வழியாகப் பூக்கடை, தேவராஜ முதலி தெரு, ராசப்ப செட்டி தெரு, தங்கசாலைத் தெரு. அங்கே டிபன். அப்புறம் கிழக்கே திரும்பி அரண்மனைக்காரன் தெருவுக்கும் தம்பு செட்டித் தெருவுக்கும் வந்து முடிப்போம். நான்கு கிலோமீட்டருக்குள்தான், ஆனால் நின்று நின்று போவதால் மூன்றரை மணி நேரம் ஆகும். உயர்நீதிமன்றம் மெட்ரோ நிலையத்தில் இறங்கினால் ஐந்து நிமிட நடை. பஸ்ஸில் வருவதென்றால் 'பாரீஸ்' என்று கேட்டு ஏறுங்கள், எந்த நடத்துநருக்கும் புரியும்.

ஏன் ஞாயிறு? கடைகள் மூடியிருக்குமே?

மூடியிருப்பதால்தான். ஷட்டர் இறங்கியிருக்கும்போதுதான் கண் மேலே போகும். பெயர்ப்பலகைக்கு மேலே ஒரு மர பால்கனி, வளைந்த ஜன்னல், கண்ணாடி உடைந்த வண்ணச் சட்டம், கட்டிய ஆண்டைப் பொறித்த முகப்பு என்று எத்தனையோ இருக்கும். வார நாளில் அதே தெருவில் கீழே பார்த்து நடக்கவே நேரம் சரியாக இருக்கும்.

கடைத்தெருவையே பார்க்க விரும்புகிறவர்களுக்கு மாதத்தில் ஒரு வார நாள் நடை தனியாக உண்டு. துணிக்கு கோடவுன் தெரு, காகிதத்துக்கும் கல்யாணப் பத்திரிகைக்கும் ஆண்டர்சன் தெரு, நாட்டு மருந்துக்கு ராசப்ப செட்டி தெரு என்று ஒவ்வொரு தெருவும் ஒவ்வொரு சரக்கில் பிழைக்கிறது. வாங்க வேண்டியதை வாங்கிக்கொண்டே நடக்கலாம்.

ஒரு நடைக்கு 12 பேர்தானா? நாங்கள் 20 பேர் வருகிறோமே?

12 பேர்தான். இதில் மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன். காரணத்தைச் சொல்கிறேன்.

தொடங்கிய புதிதில் ஒரு வார நாளில் முப்பது பேரைக் கோடவுன் தெருவுக்குள் கூட்டிப் போனேன். ஒரு பழைய வீட்டு முகப்பைக் காட்டி நான் பேசிக்கொண்டிருக்க, எல்லோரும் தெருவை அடைத்து நின்றிருந்தார்கள். பின்னாலிருந்து 'ஓரம், ஓரம்' என்ற குரல் வந்தது. நாங்கள் நகர்வதற்குள் துணிப் பொதி அடுக்கிய தட்டுவண்டி எங்கள் முதுகுக்குப் பின்னால் நின்றுவிட்டது. இழுத்து வந்தவருக்கு ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். அவர் திட்டவில்லை. 'ஓடுற வண்டிய நிறுத்திட்டா திரும்ப நகத்துறது ரொம்ப கஷ்டம்ணா' என்று மட்டும் சொன்னார். நாங்கள் ஆறு பேர் பின்னால் கை கொடுத்துத் தள்ளினோம். சக்கரம் முதல் அரைச் சுற்று சுற்றுவதற்குள் என் உள்ளங்கை சிவந்துவிட்டது. அந்தப் பாரத்தை அவர் ஒருவராக இழுத்து வந்திருக்கிறார்.

அன்று வைத்ததுதான் இந்தக் கணக்கு. 12 பேர் என்றால் ஒரு சுவரோரமாக நின்றுவிடலாம். இந்தத் தெருக்களில் முதல் உரிமை சுமை தூக்குகிறவருக்கும் வண்டி இழுக்கிறவருக்கும். 'ஓரம்' என்று கேட்டதும் நான் வாக்கியத்தை நடுவில் விட்டுவிட்டு ஒதுங்குவேன், நீங்களும் ஒதுங்கிவிடுங்கள். 20 பேர் என்றால் இரண்டு ஞாயிறுகளாகப் பிரித்துக்கொள்ளலாம்.

ஆரம்பமே ஒரு கல்தூண் என்கிறார்கள். அதில் என்ன இருக்கிறது?

டேர் ஹவுஸ் ஓரத்தில் நிற்கும் அந்தத் தூணை, தினமும் அந்தப் பக்கம் போகிறவர்கள்கூடப் பார்த்ததில்லை என்பார்கள். இந்த ஊர் ஏன் இங்கே இருக்கிறது என்ற கேள்விக்கு அதுதான் பதில்.

உள்ளூர் ஜனங்கள் குடியிருந்த பகுதியை ஆங்கிலேயர் 'கறுப்பர் நகரம்' என்றார்கள். முதல் கறுப்பர் நகரம் இங்கே இல்லை. புனித ஜார்ஜ் கோட்டையின் வடக்குச் சுவரை ஒட்டி, இன்று உயர்நீதிமன்றமும் சட்டக் கல்லூரிக் கட்டடமும் இருக்கும் பக்கத்தில் இருந்தது. 1746-ல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்தார்கள். 1749-ல் அது ஆங்கிலேயர் கைக்குத் திரும்பி வந்தது. எதிரி வீடுகளின் மறைவில் ஒளிந்து கோட்டைவரை வந்துவிட முடிகிறதே என்ற பயத்தில், பிடித்தவர்கள் கொஞ்சம் இடித்தது போக மீதியைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் அடுத்த சில ஆண்டுகளில் இடித்து வெட்டவெளியாக்கினார்கள். வீடு, கடை, கோயில் எல்லாம் போயிற்று. ஜனங்கள் வடக்கே முத்தியால்பேட்டைக்கும் பெத்தநாயக்கன்பேட்டைக்கும் பெயர்ந்தார்கள். இந்த எல்லைக்கு உள்ளே இனி யாரும் எதுவும் கட்டக்கூடாது என்பதற்காக 1773-ல் 13 தூண்களை நட்டார்கள். மிஞ்சியது இந்த ஒன்றுதான்.

நம் நடையில் வரும் மற்ற எல்லாமே அந்த இடிப்பிலிருந்து தொடங்குகிறது. அதனால்தான் இந்தத் தூணருகில் நின்று முதல் கால் மணி நேரம் பேசுகிறேன். கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

'ஜார்ஜ் டவுன்' என்ற பெயர் பின்னால் வந்தது. ஐந்தாம் ஜார்ஜ் முடிசூடி இந்தியா வந்த 1911-ஐ ஒட்டி வைத்தார்கள். பாரிமுனைக்குப் பெயர் தந்த தாமஸ் பாரி 1788-ல் இங்கே வியாபாரம் தொடங்கிய வேல்ஸ் நாட்டுக்காரர்.

சென்னை என்ற பெயர் பூக்கடைப் பெருமாள் கோயிலிலிருந்து வந்ததா?

சென்னகேசவப் பெருமாள், சென்னமல்லீஸ்வரர் என்று இரண்டு கோயில்கள் தேவராஜ முதலி தெருவில் அடுத்தடுத்து இருக்கின்றன. 'பட்டணம் கோயில்' என்றால் பழைய ஆட்களுக்குத் தெரியும். பெருமாளின் பெயரிலிருந்துதான் ஊர்ப் பெயர் வந்தது என்று சொல்கிறவர்கள் உண்டு. 1639-ல் கம்பெனிக்கு இடம் கொடுத்த தாமர்ல சகோதரர்கள், தங்கள் தந்தை சென்னப்ப நாயக்கர் பெயரை வைக்கச் சொன்னார்கள் என்பது இன்னொரு விளக்கம். எனக்கு இரண்டாவதுதான் பொருத்தமாகப் படுகிறது. ஆனால் கோயில் வாசலில் பூ கட்டும் அம்மாவிடம் அதைச் சொன்னால் ஒப்புக்கொள்ள மாட்டார், அவருக்கு ஊரே பெருமாள் பெயரில்தான்.

இந்தக் கோயிலும் முதலில் இன்றைய உயர்நீதிமன்ற இடத்தில்தான் இருந்தது. கோட்டைக்கு முன்னால் வெட்டவெளி வேண்டும் என்று 1757-ல் இடித்தார்கள். மணலி முத்துகிருஷ்ண முதலியார் முன்னின்று பணம் திரட்டி, தாமும் கொடுத்து, இங்கே மறுபடி எழுப்பினார். பெரியதாக ஒன்றைக் கட்டாமல் பெருமாளுக்கும் சிவனுக்கும் பக்கத்தில் பக்கத்திலேயே இடம் ஒதுக்கியிருக்கிறார்கள், நின்று பார்க்கத் தோன்றும்.

உயர்நீதிமன்றத்துக்குள் போவோமா?

இல்லை, ஞாயிறன்று அனுமதி கிடையாது. வெளியிலிருந்தே பார்க்க நிறைய இருக்கிறது. 1892-ல் திறந்த சிவப்புக் கட்டடம் அது. அதன் உச்சிக் கோபுரம்தான் 1894 முதல் 1977 வரை ஊருக்குக் கலங்கரை விளக்கமாக இருந்தது. வளாகத்துக்குள்ளேயே அதற்கு முந்தைய கலங்கரை விளக்கமும் நிற்கிறது, 1844-ல் விளக்கேற்றிய கல்தூண்.

மதில் ஓரத்தில் எம்டன் நினைவுக் கல்வெட்டைக் காட்டுவேன். 1914 செப்டம்பர் 22 இரவு அந்த ஜெர்மன் கப்பல் துறைமுகப் பக்கம் குண்டு வீசி எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திவிட்டுப் போனது. ஊரே மூட்டை முடிச்சோடு கிளம்பியது. கெட்டிக்காரப் பயலை 'சரியான எம்டன்' என்று நம் வீடுகளில் சொல்கிறோமே, அந்தச் சொல் அந்த ஒரு ராத்திரியில் பிறந்தது.

இன்னொரு செய்தி. ஆண்டுக்கு ஒரு நாள் உயர்நீதிமன்றத்தின் எல்லா வாசல்களையும் அடைத்துவிடுவார்கள். வளாகத்தின் வழியே நடந்து நடந்து அது பொதுப்பாதை என்று யாரும் உரிமை கோரிவிடக் கூடாது என்பதற்காக.

அரண்மனைக்காரன் தெருவில் அரண்மனை எங்கே?

எல்லோரும் கேட்பார்கள். அங்கே அரண்மனை ஒருநாளும் இருந்ததில்லை. அது ஆர்மீனியர் தெரு. 'ஆர்மீனியன்' என்ற சொல் நம் ஆட்கள் வாயில் புழங்கிப் புழங்கி 'அரண்மனைக்காரன்' ஆகிவிட்டது. பெயர்ப்பலகையிலும் அப்படியே எழுதிவிட்டார்கள். என்னைக் கேட்டால் அதைத் திருத்தக் கூடாது. தூர தேசத்திலிருந்து வந்தவர்களை இந்த ஊர் தன் நாக்குக்கு ஏற்றபடி சேர்த்துக்கொண்டதற்கு அந்தப் பலகை சாட்சி.

அங்கே இருக்கும் ஆர்மீனிய தேவாலயம் 1712-ல் தொடங்கியது, இன்று நிற்கும் கட்டடம் 1772-ஐச் சேர்ந்தது. மரக்கதவைத் தாண்டினால் நீளமான தாழ்வாரம், அதற்கு மேல் பழைய மரக்கூரை. தரையில் கால் வைக்கும்போது கவனியுங்கள், நீங்கள் மிதிப்பது கல்லறைக் கற்கள். எழுத்துகள் பல இடங்களில் தேய்ந்து வழவழப்பாகிவிட்டன. முற்றத்தில் ஒரு பாதிரியாரின் கல்லறை தனியாக இருக்கிறது. ஹாருத்தியூன் ஷ்மாவோனியன் என்று பெயர். ஆர்மீனிய மொழியின் முதல் பத்திரிகையை 1794-ல் அச்சிட்டு வெளியிட்டவர். அது அவர்கள் நாட்டில் வெளிவரவில்லை, இங்கே சென்னையில் வந்தது. மணிக்கூண்டில் ஆறு பெரிய மணிகள் இருக்கின்றன. இன்று ஊரில் ஆர்மீனியக் குடும்பங்கள் இல்லை என்றே சொல்லலாம், வழிபாடும் கிடையாது. தோட்டத்தைக் கூட்டி, செடிக்குத் தண்ணீர் விட்டு யாரோ ஒருவர் தினமும் பார்த்துக்கொள்கிறார். இந்தக் கதவு தாமதமாகத்தான் திறக்கும் என்பதால்தான் இதைக் கடைசிக்கு வைத்திருக்கிறோம்.

சைதாப்பேட்டையில் அடையாற்றின் குறுக்கே 1726-ல் பாலம் கட்டிக் கொடுத்த கோஜா பெத்ரஸ் உஸ்கானும் இந்தக் கூட்டத்து வணிகர்தான்.

அதே தெருவில் இருக்கும் அந்தோணியார் கோயிலுக்குச் செவ்வாய்க்கிழமை வந்து பாருங்கள். சிலுவை போட்டவரும் விபூதி பூசியவரும் ஒரே வரிசையில் மெழுகுவத்தியோடு நிற்பார்கள்.

மற்ற தெருப் பெயர்களுக்கும் இப்படிக் கதை உண்டா?

அநேகமாக எல்லாவற்றுக்கும் உண்டு. பவளக்காரத் தெரு என்றால், மத்தியதரைக்கடல் பவளத்தைக் கொண்டுவந்து கோல்கொண்டா வைரத்தை வாங்கிப் போன யூத வணிகர்கள் இருந்த இடம். தங்கசாலைத் தெருவுக்கு 1840-களில் நாணயம் அடிக்கும் சாலை வந்தது. அதற்கு முன் அது வண்ணார் தெரு, கம்பெனித் துணியை வெளுத்தவர்கள் குடியிருந்தார்கள். வண்ணாரப்பேட்டைக்கும் அந்தத் தொழிலால்தான் பெயர். சௌகார்பேட்டை, சாவுகார்கள் வந்து தங்கியதால்.

எனக்கு மிகவும் பிடித்தது வால்டாக்ஸ் சாலை. 1769-ல் ஹைதர் அலி சென்னையின் வாசல்வரை வந்துவிட்டுப் போன பிறகு ஊரைச் சுற்றி மதில் எழுப்பினார்கள். செலவை ஜனங்களிடம் வரியாக வாங்கலாம் என்று திட்டம். அந்த 'வால் டாக்ஸ்' கடைசிவரை வசூலாகவே இல்லை. வரி போய்விட்டது, மதிலும் பெரும்பாலும் போய்விட்டது, பெயர் மட்டும் நிற்கிறது. மதிலின் ஒரு துண்டு மாடிப் பூங்காவாக ராயபுரம் போகும் வழியில் மிச்சம் இருக்கிறது.

ஏழுகிணறு என்ற பெயர் 1772-ல் கோட்டைக்குத் தண்ணீர் கொண்டுபோகத் தோண்டிய கிணறுகளால் வந்தது. ஏழுகிணறு வீராசாமிப் பிள்ளை தெருவில்தான் வள்ளலார் வளர்ந்தார். அங்கிருந்து நடந்து வந்துதான் ராசப்ப செட்டி தெருக் கந்தகோட்டத்து முருகன் முன் நின்று பாடினார். நம் நடையில் அந்தச் சன்னிதிக்கு ஐந்து நிமிடம் தருகிறோம். சிலர் கண்ணை மூடிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிடுவதும் உண்டு, அவசரப்படுத்த மாட்டேன்.

வட சென்னையாயிற்றே, பயமில்லையா? பெண்கள் தனியாக வரலாமா?

இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. நான் பிறந்து வளர்ந்தது பழைய வண்ணாரப்பேட்டையில். சினிமாவில் அரிவாளோடு காட்டும் தெருவில்தான் என் அம்மா இரவு பத்து மணிக்குத் தனியாக மாவு வாங்கப் போய் வந்தார். இந்த ஊர் நகரத்துக்குத் துணி வெளுத்தது, மூட்டை சுமந்தது, துறைமுகத்தில் கப்பல் இறக்கியது. 1996-ல் கோயம்பேட்டுக்கு மாறும்வரை கொத்தவால் சாவடியிலிருந்து காய்கறி அனுப்பியது. இன்றைக்கும் மீன் தருகிறது. அதைப் பார்த்து யாரும் பயப்பட வேண்டியதில்லை.

பெண்கள் தனியாகத் தாராளமாக வரலாம். வருகிறவர்களில் பாதிக்கு மேல் பெண்கள்தான். கூட்டம் உள்ள எந்தக் கடைத்தெருவிலும் போல கைப்பையையும் போனையும் முன்பக்கம் வைத்துக்கொள்ளுங்கள், அவ்வளவுதான்.

கழிப்பறை வசதி?

கிளம்பும் முன் மெட்ரோ நிலையத்தில் போய்விட்டு வருவது நல்லது. நடுவில் டிபன் சாப்பிடும் இடத்தில் ஒன்று உண்டு. வேறு நல்ல இடம் வழியில் இல்லை.

வயதானவர்கள், குழந்தைகள்?

ஏற்ற இறக்கம் கிடையாது. ஆனால் நடைபாதை உடைந்திருக்கும், சாக்கடை மூடி ஆடும். மூட்டு வலி உள்ளவர்கள் கைத்தடியோடு வரலாம், வேகத்தைக் குறைத்துக்கொள்வோம். சக்கர நாற்காலியோடு இந்த வழியில் போக முடியவில்லை என்பது எனக்குப் பெரிய குறை. அவர்களுக்கு ராயபுரம் நடை கொஞ்சம் சுலபம், முன்கூட்டிச் சொன்னால் ஆட்டோ ஏற்பாடு செய்கிறேன். எட்டு வயதுக்கு மேற்பட்ட குழந்தைகள் நன்றாக நடக்கிறார்கள்.

என்ன உடுத்திக்கொண்டு வர வேண்டும்?

பருத்தித் துணி, சுலபமாகக் கழற்றி மாட்டும் செருப்பு. கோயில்களுக்குள் போவதால் முழங்கால் மறைய வேண்டும். லேஸ் கட்டும் ஷூவில் வருகிறவர்கள் நான்காவது கோயிலுக்குள் களைத்துவிடுகிறார்கள். தொப்பி, தண்ணீர் பாட்டில் கட்டாயம். சித்திரை, வைகாசியில் நடை 6 மணிக்கே தொடங்கும்.

மழை வந்தால்?

தூறலுக்கு நிறுத்த மாட்டோம். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் தெருவில் தண்ணீர் நின்றால் முந்தின இரவே தகவல் சொல்லி அடுத்த ஞாயிறுக்கு மாற்றுவோம்.

போட்டோ எடுக்கலாமா?

கட்டடங்களைத் தாராளமாக எடுங்கள். கோயில் கருவறையை எடுக்கக் கூடாது. மனிதர்களை எடுப்பதற்கு முன் கேளுங்கள். 'ஒரு படம் எடுத்துக்கட்டுமாக்கா?' என்று கேட்டால் பூக்காரம்மா முந்தானையைச் சரிசெய்துகொண்டு சிரிப்பார், உங்களுக்குப் படமும் நன்றாக வரும். திண்ணையில் படுத்துத் தூங்கும் சுமைத் தொழிலாளியை மட்டும் எடுக்காதீர்கள். அவர் ராத்திரி லாரி இறக்கிவிட்டுப் படுத்திருப்பார்.

சாப்பாடு உண்டா?

டிபன் கட்டணத்தில் சேர்ந்தது. தங்கசாலைப் பக்கத்தில் சூடான கச்சோரியும் ஜிலேபியும், வேண்டாம் என்பவர்களுக்கு இட்லி. முறுக்கு சாண்ட்விச் கேட்டுத்தான் பலர் வருகிறார்கள், அது மாலைக் கடை.

மாலை வரை இந்தப் பக்கம் இருந்தால், பீச் ஸ்டேஷனுக்கு எதிர்ப்புறம் செகண்ட் லைன் பீச்சில் அத்தோ சாப்பிடாமல் போகாதீர்கள். 1960-களில் பர்மாவிலிருந்து எல்லாவற்றையும் விட்டுவிட்டுத் திரும்பிய தமிழர்கள் கொண்டுவந்த சாப்பாடு. அவர்களுக்காக 1969-ல் வந்ததுதான் பர்மா பஜார். அத்தோ போடுகிறவர் கையைப் பாருங்கள். நூடுல்ஸ், நறுக்கிய கோஸ், நொறுக்கிய பேஜோ (மொறுமொறுப்பான பர்மியத் தட்டை), வறுத்த பூண்டு, புளித்தண்ணீர், எலுமிச்சை எல்லாவற்றையும் கிண்ணத்தில் போட்டு விரலாலேயே பிசைவார். பக்கத்தில் வாழைத்தண்டு சூப் வைப்பார்கள், கேட்டால் இன்னொரு கரண்டி ஊற்றுவார்கள்.

ராயபுரம் நடை எப்போது?

இரண்டாம் சனிக்கிழமை மாலை. தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856 ஜூலை 1-ல் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடுக்குக் கிளம்பியது. அந்த நிலையக் கட்டடம் தூண்களோடு இன்னும் நிற்கிறது, ரயிலும் நிற்கிறது. அங்கிருந்து படகுக்காரர்களின் புனித ராயப்பர் கோயில். இயேசுவின் சீடரான பேதுருவைத் தமிழில் ராயப்பர் என்பார்கள், ஊர்ப் பெயரும் அதிலிருந்து வந்ததே. 1910-ல் கட்டிய பார்சிகளின் அக்னி ஆலயமும் அருகில் உண்டு. மற்றவர்கள் உள்ளே போக முடியாது. வாசலில் நின்று பார்த்துவிட்டு வருவோம், அந்த வழக்கத்தை மதிக்க வேண்டும்.

வழிகாட்டி இல்லாமல் நாங்களே நடந்தால் என்ன?

நல்லதுதான், நடங்கள். மேலே சொன்ன வழியே போதும். தம்பு செட்டித் தெருக் காளிகாம்பாள் கோயிலில் குருக்களிடம் கேட்டால் 1677-ல் சத்ரபதி சிவாஜி வந்ததையும், சுதேசமித்திரன் பத்திரிகையில் வேலை பார்த்த காலத்தில் பாரதியார் வந்து நின்றதையும் என்னைவிட நன்றாகச் சொல்வார். நான் உடன் வந்தால் கூடுதலாகக் கிடைப்பது ஒன்றுதான். போன மாதம் இருந்த வீடு இந்த மாதம் இருக்காது, எந்த வீடு எங்கே நின்றது என்று சொல்ல ஆள் வேண்டும். ஒரு தெருவில் நான் காட்டிவந்த தேக்குத் தூண் வீடு ஒன்றை இரண்டே வாரத்தில் இறக்கிவிட்டார்கள். தூண்களை லாரியில் ஏற்றும்போது போய் நின்றேன். உரிமையாளரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஒன்பது பேருக்குப் பங்கு உள்ள வீடு, ஒழுகும் கூரை, பழுது பார்க்கப் பணம் கிடையாது. அந்த வீட்டின் படங்கள் என்னிடம் இருக்கின்றன, அந்த இடத்துக்கு வரும்போது காட்டுகிறேன்.

கட்டணம்?

ஒருவருக்கு 300 ரூபாய், மாணவர்களுக்குப் பாதி. ஜார்ஜ் டவுனில் குடியிருப்பவர்களுக்கும் வேலை செய்பவர்களுக்கும் இலவசம். அப்படி வருகிறவர்கள் எனக்குச் சொல்லித் தந்ததுதான் அதிகம்.

வந்து நின்றால் உங்களை எப்படிக் கண்டுபிடிப்பது?

தூணைத் தேடுங்கள், என்னைத் தேட வேண்டாம். டேர் ஹவுஸ் ஓரமாக மெதுவாக நடந்து வந்தால் கண்ணில் படும். ஆறேகால் மணியிலிருந்து கறுப்புக் குடையும் துணிப்பையுமாக அதன் பக்கத்தில் நிற்பேன். எனக்கு முன்பே வந்துவிட்டால் எதிரே டீ குடித்துக்கொண்டிருங்கள், ஆறரைக்குக் கிளம்பிவிடுவோம்.